இருக்குமிடம் தெரியாத பட்டினம்

கிரேக்கக் கடற்கரையில் பழைய பட்டினம் ஒன்றைத் தேடும் குழுவோடு கோடையில் போகப்போவதாக மகள் சொன்னாள். இங்கே சுவிஸில், பேர்ண் பல்கலைக்கழகத்தில் தொல்லியல் படிக்கிறாள். நான் எட்டாம் வகுப்போடு நின்றவன், எதற்கெடுத்தாலும் பயப்படுகிறவன். அந்தப் பட்டினம் எங்கே இருக்கிறது என்று கேட்டேன்.

"அதுதான் தெரியாது அப்பா. மூண்டு இடம் சொல்லுகினம்."

"மூண்டு இடமோ? நான் வேலை செய்யிற ஆஸ்பத்திரியில ஒரு சாப்பாட்டுத் தட்டைப் பிழையான அறைக்குக் கொண்டுபோனால் சும்மா விடுவாங்களோ?"

அவளுடைய பேராசிரியர் பெற்றோரைக் கூப்பிட்டு வரைபடம் காட்டினார். அதில் மூன்று கேள்விக்குறிகள். அவற்றைக் காட்டும்போது மனிதருக்கு முகமெல்லாம் பெருமை. வாழ்நாள் முழுவதும் ஓர் ஊரைக் கண்டுபிடிக்காமல் இருப்பதற்கு இவ்வளவு மரியாதை கிடைக்கும் என்று எனக்கு யாரும் சொல்லித் தரவில்லை.

பிள்ளையை எங்கே அனுப்பினாலும் அங்கே ஒரு சொந்தக்காரரைத் தேடிப் பிடிப்பது எங்கள் ஆட்களின் வழக்கம். ஏதென்சில் இருக்கும் சித்தப்பாவின் மகனுக்குத் தொலைபேசி எடுத்து, அவளை ஒருக்கால் போய்ப் பார்க்கச் சொன்னேன்.

"ஓம் அண்ணை, போறன். எந்த ஊர்?"

"மூண்டில ஒண்டு."

"உங்களுக்கென்ன விசரோ அண்ணை?" என்று சிரித்தான்.

பேராசிரியர் படவேண்டிய வெட்கத்தை நான் பட்டேன்.

புறப்படும்போது மகள், "கண்டுபிடிச்சால் முதல்ல உங்களுக்குத்தான் லொகேஷன் அனுப்புவன்" என்றாள்.

"அந்தக் கோதாரி எனக்கு வேண்டாம். நீ நிக்கிற இடத்தை அனுப்பு, போதும்."

போய்ச் சேர்ந்ததும் அனுப்பினாள். புள்ளி கடலுக்குள் நின்றது. பதறிப்போய் அவளுக்குத் தொலைபேசி எடுத்தேன். படகில் இருக்கிறாளாம். பேராசிரியருக்கு நாலாவதாக ஓர் இடம் தோன்றிவிட்டதாம்.