சப்பாத்தும் சதங்கையும்

மேடை வேலைக்கு வரும் பிள்ளைகள் முதலில் மைக், வயர், மிக்சர் என்றுதான் கேட்பார்கள். நான் காலிலிருந்து தொடங்குவேன். அதற்கு ஒரு காரணம் உண்டு.

நோர்வேயில் புருசெத் என்ற இடத்தில் ஒரு மண்டபத்தில் ஒலியும் ஒளியும் என் பொறுப்பு. மேடைக்குப் புதுப் பலகை போட்டதே பரதநாட்டிய வகுப்புக்காகத்தான். டீச்சர் சுமதி நிர்வாகத்தோடு மல்லுக்கட்டி வாங்கியது. அதனால் படியடியில் ‘சப்பாத்தைக் கழற்றவும்’ என்று தமிழிலும் நோர்வே மொழியிலும் ஒட்டியிருந்தேன், சாமி அறை வாசல் மாதிரி.

உக்ரைன் அகதிகளுக்கான மாலை நிகழ்ச்சிக்குப் போலந்துக்காரர் ஆட வந்தார்கள். பகலில் கட்டட வேலை, ஓய்வில் நாட்டுப்புற ஆட்டம். அறிவித்தலைப் பார்த்து, மறுபேச்சில்லாமல் காலுறையோடு ஒத்திகை பார்த்தார்கள். வயலின் கேட்டது, அக்கோர்டியன் கேட்டது, ஆட்டம் மட்டும் பூனை நடந்ததுபோல் இருந்தது. ஒருவர் வழுக்கி விழுந்து சிரித்தார். குழுத் தலைவர் மாரெக் சிரிக்கவில்லை. அவர்களிடம் மேளம் இல்லை, சப்பாத்துத்தான் மேளம். கடைசியில் ஓர் உக்ரைன் ஆட்டம் ஆட இருந்தார்கள். அதைப் பார்க்க, மாரெக் வீட்டில் தங்கியிருந்த உக்ரைன் தாயும் மகளும் வருவதாக இருந்தது.

நோர்வே மொழியில்தான் சொன்னார். என் காதில் நம் பேச்சாகவே விழுந்தது. “அவையின்ரை ஊர்ச் சத்தத்தைக் கேக்க வைக்கிறன் எண்டு சொல்லிப்போட்டன். இப்ப என்ன செய்ய?”

எனக்கு இரண்டு பக்கமும் இடி. கீறல் விழுந்தால் சுமதி என் தோலை உரித்துவிடுவார். வேறு வழியில்லாமல் அவருக்கே போன் எடுத்தேன். பக்கத்து அடுக்குமாடியிலிருந்து வந்தவர் ஒரு சப்பாத்தைத் தூக்கிக் குதியைத் தடவிப் பார்த்தார்.

“அண்ணை, நான் சதங்கை கட்டாமல் ஆடுவனே? இது அவையின்ரை சதங்கை. போட்டுக்கொண்டு ஏறட்டும்,” என்றார். ஏறும் முன் மேடையைத் தொட்டுக் கும்பிட வேண்டும் என்று மாரெக்கிடம் செய்தும் காட்டினார்.

மாலையில் அத்தனை பேரும் கனத்த சப்பாத்தோடு குனிந்து, மேடையைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டு ஏறினார்கள். வந்திருந்த தமிழர் சிரித்துக்கொண்டே கைதட்டினார்கள். கடைசி ஆட்டத்தில் மைக் ஸ்டாண்டே அதிர்ந்தது. அந்தத் தாய் எழும்பி, மகளின் கையைப் பிடித்து, நின்ற இடத்திலேயே அதே தாளத்தில் மிதித்தார். போருக்குத் தப்பி வந்தவன் நானும். கண் கலங்கிவிட்டது, சந்தோஷத்தில்தான்.

பலகையில் கீறல் விழத்தான் செய்தது. சுமதி குனிந்து பார்த்தார். “ஆடின மேடைதானே,” என்றார்.

அன்றே அறிவித்தலைக் கிழித்தேன். இப்போது யார் வந்தாலும், மைக் எத்தனை என்று கேட்குமுன் கேட்பேன்: “காலிலை என்ன போட்டு ஆடுறனீங்கள்?”