ஈரலை ஈரலோடு ஒப்பிடாத நாள்

லேபில் புதிதாகச் சேருகிறவர்களுக்கு முதலில் இந்தக் கதையைத்தான் சொல்வேன். என் சாமர்த்தியத்தைப் பற்றியது இல்லை, பயப்படாதீர்கள்.

பல்லடம் பக்கம் ஒரு கோழிப்பண்ணை. ஒரு ஷெட்டில் கோழிகள் எடை கூடாமல் தினமும் செத்துக்கொண்டிருந்தன. பக்கத்து ஷெட்டில் ஒன்றுமில்லை. இரண்டிலிருந்தும் ஈரல் சாம்பிள் எடுத்து, எந்த ஜீன்களின் வேலை மாறியிருக்கிறது என்று பார்த்தோம். ஆயிரத்துக்கு மேல் ஜீன் பெயர்கள் வந்து நின்றன. ஒவ்வொன்றாகப் படித்தால் யாருக்கும் ஒன்றும் விளங்காது. இதற்கென்றே ஆன்லைனில் டூல் இருக்கிறது. லிஸ்டை ஒட்டினால், எந்த வேலைக்கான ஜீன்கள் அதில் அளவுக்கு மீறி இருக்கின்றன என்று காட்டும்.

ஒட்டினேன். முதல் வரியில் ‘கொழுப்பு மெட்டபாலிசம்’ என்று வந்தது. அந்த நேரம் பார்த்துப் பண்ணைக்காரர் அன்று காலையில் நான்காவது முறையாகக் கூப்பிட்டார். வாயை அடக்கத் தெரியாமல், தீவனத்து எண்ணெயில் கோளாறு இருக்கலாம் என்று சொல்லிவிட்டேன்.

“அப்ப ஆரோக்கியம் பண்ணுன வேலைதானுங்க மேடம்,” என்று அவர் ஃபோனை வைத்தார்.

அந்த ஷெட்டுக்குத் தீவனம் கலக்குகிறவர் ஆரோக்கியம். தூத்துக்குடிப் பக்கமிருந்து குடும்பத்தோடு வந்து பண்ணையிலேயே குடியிருந்தார். சாப்பாட்டு டப்பாவைத் திறக்கவே தோன்றவில்லை. டூலில் கொடுத்ததை முதலிலிருந்து பார்த்தேன். கோழி என்று சரியாகத்தான் கொடுத்திருந்தேன். ‘பேக்ரவுண்ட்’, அதாவது எதோடு ஒப்பிட வேண்டும் என்ற பெட்டியை மட்டும் தொடவே இல்லை. அது பாட்டுக்குக் கோழியின் மொத்த ஜீன்களோடும் ஒப்பிட்டிருக்கிறது.

கொழுப்பைக் கையாள்வது ஈரலின் அன்றாட வேலை. எந்த ஈரலைக் கொடுத்தாலும் அது மேலே வரும். திருப்பூர் பஸ் ஸ்டாண்டில் பத்துப் பேரைக் கேட்டு, ஐந்து பேர் பனியன் கம்பெனி என்றதும் அதிசயப்பட்டது மாதிரி ஆகிவிட்டது என் கதை. முட்டாள்தனம், வேறென்ன?

ஈரலில் வேலை செய்யும் ஜீன்களை மட்டும் பேக்ரவுண்டாகக் கொடுத்து மறுபடி ஓட்டினேன். கொழுப்பு எங்கோ கீழே போய்விட்டது. வைரஸை எதிர்க்கும் ஜீன்கள் மேலே நின்றன. உடனே பண்ணைக்காரருக்கு ஃபோன் அடித்தேன். மூன்று முறை எடுக்கவில்லை. பிறகு எடுத்தார்.

“ஊட்டைக் காலி பண்ணச் சொல்லிப்போட்டனுங்களே மேடம். இந்நேரம் பஸ் ஏறியிருப்பானுங்க.”

கால்நடை டாக்டர் செய்த டெஸ்டிலும் வைரஸ்தான் என்று வந்தது. பண்ணைக்காரர் திரும்பக் கூப்பிட்டும் ஆரோக்கியம் வரவில்லை. நம்பர் வாங்கி நானே பேசினேன். மன்னிப்புக் கேட்டேன். திட்டுவார் என்று நினைத்தேன். அவர் திட்டவில்லை.

“எண்ணெய் நல்ல எண்ணெய்னு தெரியும்க்கா. ஆனா லேப்ல சொல்லிட்டாவன்னு மொதலாளி சொன்னதும், எனக்கே என் கை மேல சந்தேகம் வந்துட்டு.”

பேக்ரவுண்ட் என்னவென்று எழுதாத ரிப்போர்ட்டில் இன்றுவரை நான் கையெழுத்துப் போடுவதில்லை. யார் எத்தனை முறை கூப்பிட்டாலும், இரண்டாவது தடவை ஓட்டிப் பார்க்காமல் ஃபோனில் வாய் திறப்பதும் இல்லை.