மரத்துப்போன விரல்கள்

இறைச்சித் தொழிற்சாலையில் அவளைக் கத்தியக்கா என்றுதான் எல்லோரும் கூப்பிட்டார்கள். பத்தொன்பது வருடங்களாக அவளுக்கு ஒரே வேலை. வான்கோழியின் முதுகைக் கீறி, சதை கிழியாமல் எலும்புக்கூட்டை மொத்தமாக உருவி எடுக்க வேண்டும். பல் கிட்டிப்போகும் குளிர்க்கூடம், ஈரத் தரை, இரட்டைக் கையுறை. அவள் வேகத்துக்கு ஈடுகொடுக்க அங்கே ஆளில்லை.

பிறகு வலது கையில் கட்டைவிரலும் அடுத்த இரண்டு விரல்களும் மரத்துப்போக ஆரம்பித்தன. முதலில் காலையில் மட்டும், உதறினால் சரியாகிவிடும். வருடம் ஒன்று போனதும் உதறியும் பயனில்லை. மணிக்கட்டில் நரம்பு நசுங்குகிறது என்றார் மருத்துவர். அதைப் பற்றி அவள் வீட்டிலும் மூச்சு விடவில்லை. ஒருநாள் கத்தி நழுவிப் பக்கத்து மேஜைக்காரியின் காலடியில் விழுந்தது. அன்றைக்கே மேற்பார்வையாளர் கூப்பிட்டுவிட்டார்.

"உங்க நல்லதுக்குத்தான் சொல்றேன்கா. நாளையிலேர்ந்து வீட்ல இருங்க."

கிளம்பும்போது, எலும்பு நீக்கி உறையவைத்த வான்கோழி ஒன்றைப் பையில் போட்டுக் கையில் கொடுத்தார்கள்.

"இத்தனை வருஷம் நீ அதுங்களைத் தேடிப் போன. இன்னைக்கு ஒண்ணு உன்னைப் பார்க்க வந்திருக்கு," என்றார் கணவர். கட்டடங்களுக்கு வண்ணம் அடிக்கிறவர். அவர் சிரித்துப் பார்த்தார், அவள் சிரிக்கவில்லை.

குளிர்பெட்டியில் அது இளக இரண்டு நாள் ஆனது. ஞாயிற்றுக்கிழமை மதியம் பலகைமேல் விரித்துப் போட்டதுமே முகம் சுளித்தாள்.

"நாலாம் மேஜைக்காரி வேலை. தொடைகிட்ட எப்பவும் இப்படித்தான் குதறி வைப்பா."

உப்பும் மிளகும் பூண்டும் வெண்ணெயும் குழைத்துத் தடவி, பாய் மாதிரி சுருட்டினாள். நூலால் கட்டும்போதுதான் விரல்கள் சொன்ன பேச்சைக் கேட்கவில்லை. முடிச்சு விழுவதற்குள் நூல் நழுவியது. மூன்று தடவை.

"தள்ளும்மா, நான் கட்டறேன்," என்றாள் மகள். படிப்பு முடித்து ஆறு மாதமாக வேலை தேடிக்கொண்டிருந்தவள்.

ஓவனில் வைத்து இரண்டு மணி நேரம். வீடு முழுக்க வாசனை. மகள் அடுக்களைக் கதவில் சாய்ந்து நின்று மெதுவாக ஆரம்பித்தாள்.

"அம்மா, உன் மேஜைக்கு ஆள் எடுத்தாங்க. எழுதிப் போட்டேன். நாளைக்கு வரச் சொல்லிட்டாங்க."

கத்தியக்கா ஓவனைத் திறந்தாள். துணியை மடித்து இரண்டு கையாலும் தட்டைத் தூக்கினாள். வலது விரல்களுக்கு அடியிலிருந்து துணி விலகிவிட்டது. அவளுக்குத் தெரியவில்லை. தட்டை நிதானமாக மேடைமேல் வைத்து, கறிக்குள் வெப்பமானியைக் குத்திப் பார்த்தாள்.

"நல்லா வெந்துடுச்சு," என்றாள்.

"அம்மா! கை!"

தட்டின் விளிம்பில் அவள் விரல்தோல் ஒட்டிக்கொண்டிருந்தது. கணவர் ஓடிவந்து அவள் கையைக் குழாயடியில் பிடித்தார்.

"ரொம்ப எரியுதா?"

"இல்லையே," என்றாள், தன் கையையே யாருடையதோ போலப் பார்த்துக்கொண்டு. அவர் குழாயை இன்னும் திறந்துவிட்டார்.

மருத்துவமனையில் கட்டுப் போட்டார்கள். புண் ஆறிவிடும், ஆனால் உணர்ச்சி திரும்பும் என்று சொல்வதற்கில்லை என்றார் மருத்துவர்.

வீடு திரும்பியபோது கறி ஆறிச் சில்லிட்டிருந்தது. பசி யாரை விட்டது? கணவர் வில்லை வில்லையாக அரிந்து அவளுக்கு ஊட்டினார். ஆயிரக்கணக்கில் அறுத்தவள் வான்கோழியை வாயில் வைப்பது அதுதான் முதல் தடவை.

"போகாதடி," என்றாள் மகளிடம், மென்றுகொண்டே.

"போகலேன்னா?"

கணவர் அரிந்த வில்லையையே மறுபடியும் அரிந்துகொண்டிருந்தார்.

மறுநாள் காலை மகள் கிளம்ப, கத்தியக்கா வாசல்வரை கூடவே போனாள். "கத்தியை இறுக்கிப் பிடிக்காத. விரல் மரத்தா அன்னைக்கே சொல்லிடு. என்னை மாதிரி மூடி மறைக்காத, கேட்டியா?"

மகள் எல்லாவற்றுக்கும் தலையாட்டினாள். பிறகு, பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று படியிறங்கிப் போய்விட்டாள்.