வேப்பிலை கட்டிய வாசலும் ஊசிப்பெட்டியும்

அறுபத்திரண்டாம் ஆண்டு, பங்குனி மாதம். திண்டிவனத்தில் என் வீட்டு நிலையில் வேப்பிலை கட்டியிருந்தது. உள்ளே பெரியம்மை கண்டு வாழையிலையில் கிடந்தவள் நான். கணவர் இல்லை. ஒரே மகள் பச்சையம்மாளோடு பேசி இரண்டு ஆண்டுகள் ஆகியிருந்தன.

காரணத்தை மறைக்கமாட்டேன். அவள் விழுப்புரத்தில் அம்மை குத்தும் வேலையில் சேர்ந்திருந்தாள். அம்மை தாயின் வருகை. ஊசியால் அதைத் தடுப்பது தாயையே தடுப்பதாகும் என நம்பினேன். “அந்த ஊசிப்பெட்டியோடு இந்தப் படி ஏறாதே” என்று கதவைச் சாத்தினேன். அமாவாசைதோறும் மேல்மலையனூர் சென்று, “அங்காளம்மா, என் மகளை இந்த வேலையிலிருந்து விலக்கு” என்று மன்றாடினேன்.

இப்போதோ உடலெங்கும் அம்மை முத்துகள். கண் திறக்கவில்லை. அண்டை வீட்டார் கூழை வாசலில் வைத்து விலகினர். ஏழாம் நாள் என் வேண்டுதல் மாறியது: “என்னை அழைத்துக்கொள், தாயே. அதற்குமுன் அவள் குரலைக் கேட்க வை.”

மறுநாள் நண்பகலில் அக்குரல் கேட்டது.

“யம்மா, பெட்டிய எதிர்வீட்ல வெச்சிட்டேன். இப்பவாச்சும் படி ஏறலாமா?”

“வராதடி! அம்மா வந்திருக்கா.”

“அவ வந்து எட்டு நாளாச்சி. நான் வந்து ரெண்டு வருசமாச்சி. இப்ப என் முறை.”

மஞ்சளும் வேப்பிலையும் கலந்த நீரில் கால் கழுவி உள்ளே வந்தாள். அம்மை இறங்கி, தலைக்கு மூன்றாம் தண்ணீர் வார்க்கும்வரை அகலவில்லை. அடுப்பில் தாளிப்பு இல்லை; தன் தலையைக்கூட அவள் வாரவில்லை. கேப்பைக்கூழ் புகட்டி, வேப்பங்கொத்தால் வருடிக்கொண்டிருந்தாள். நான் போற்றிய ஒன்றையும் அவள் பழிக்கவில்லை. என்னால் அவளுக்கு அப்படி இருக்க முடிந்ததா?

கண் திறந்த அன்று அவள் புயத்தில் ஊசித் தழும்பைக் கண்டேன். அதனால்தான் அவள் என்னை அஞ்சாது தொட்டாள்.

“எனக்கு அம்மை கண்டது உனக்கு எப்படித் தெரியும்?”

“அம்மை கண்ட வூட்டுக் கணக்கு எங்க ஆபீசுக்கு வரும். உம் பேரு இருந்துச்சி. லீவு போட்டுக்கினு ஓடியாந்தேன்.”

நான் வாய்விட்டு அழுதேன். எந்த வேலையிலிருந்து அவளை விலக்கும்படி வேண்டினேனோ, அந்த வேலையின் வழியாகவே தாய் அவளை அனுப்பியிருந்தாள்.

மூன்றாம் தண்ணீர் வார்த்த பிறகு, எதிர்வீட்டிலிருந்து அந்தப் பெட்டியை நானே எடுத்துவந்து விளக்கின் அருகில் வைத்தேன். பச்சையம்மாள் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டாள்.

அன்பர்களே, அஞ்சாமல் வேண்டுங்கள். கேட்டது கிடைக்கவில்லையென்று மனம் கசந்துவிடாதீர்கள். சாத்திய கதவு இருந்தால் இன்றே திறந்து வையுங்கள்.

இப்போது என் மகள் ஊசி போட எங்கள் தெருவுக்கு வரும்போது, தழும்பேறிய முகத்தோடு நான் முன்னே நடந்து, ஊசிக்கு அஞ்சி ஒளியும் தாய்மார்களைக் கூப்பிடுகிறேன். பெட்டி என் கையில்தான் இருக்கும்.