ஹாரன் இல்லாத லாரி

என் மேசையில் ஒரு ஜாய்ஸ்டிக் கிடக்கிறது, இரண்டு கையாலும் பிடித்துக் கணினியில் விளையாடும் வகை. தேனி கடைவீதியில் வாங்கிய பெயரில்லாச் சரக்கு. இடப்பக்கப் பொத்தான்களில் எழுத்தெல்லாம் அழிந்துவிட்டது. வலப்பக்கம் வாங்கிய அன்று இருந்தபடியே இருக்கிறது. இனி இதற்கு நேரமில்லை என்று அண்ணன் போன மாதம்தான் திருப்பிக் கொடுத்தார்.

அண்ணன் கூடலூரிலிருந்து கேரளத்து ஏலக்காய்த் தோட்டங்களுக்கு வேலையாட்களை ஏற்றிப்போகும் ஜீப் டிரைவர். குமுளி மலையில் ஒரு வளைவில் எதிரே வந்த லாரியோடு மோதியதில் அவருடைய வலது கைக்கு எதையும் பிடிக்கும் பலம் இல்லாமல் போயிற்று. மற்றவர்கள் சிராய்ப்போடு தப்பினார்கள். ஆனால் ஆஸ்பத்திரியிலிருந்து வந்த அண்ணன் வாயே திறக்கவில்லை. "சாப்பிடுறாக, படுக்குறாக, அம்புட்டுத்தான்" என்று மதினி போனில் அழுதார். இப்படியே விட்டால் ஆளே நமக்கு இல்லாமல் போய்விடுவார் என்று பயந்தேன். எனக்குத் தெரிந்த ஒரே வைத்தியம் கணினிதான். என் பழைய கணினியையும் இந்த ஜாய்ஸ்டிக்கையும் தூக்கிக்கொண்டு போய் லாரி ஓட்டும் விளையாட்டு ஒன்றை ஏற்றினேன்.

விளையாட்டோ எங்கள் ஜாய்ஸ்டிக்கை ஏறிட்டும் பார்க்கவில்லை. பெரிய கம்பெனிச் சரக்கை மட்டும்தான் அதற்கு அடையாளம் தெரியும். மலிவுச் சரக்கைக் கம்பெனிச் சரக்கு என்று நம்பவைக்க ஒரு மென்பொருள் இருக்கிறது. சுத்தமான ஆள்மாறாட்டம். எந்தப் பொத்தானுக்கு என்ன வேலை என்பதையும் அதிலேயே மாற்றிக்கொள்ளலாம். எல்லாவற்றையும் இடது கைக்குக் கொண்டுவந்தேன். கட்டைவிரல் குச்சியில் ஸ்டியரிங், மேலே இரண்டு விரலுக்கு ஆக்சிலேட்டரும் பிரேக்கும். அவசரத்தில் ஆக்சிலேட்டர் தலைகீழாகப் பதிந்துவிட்டது. தொடாமல் இருந்தால் லாரி பறந்தது, அழுத்தினால் நின்றது. அண்ணன் முகத்தில் சிரிப்பு மாதிரி ஏதோ வந்து போனது. எனக்கு அழுகை வந்துவிட்டது.

சரிசெய்து கொடுத்தேன். முதல் வளைவுக்கு முன்னாலேயே லாரியை நிறுத்திவிட்டு, ஹாரன் எங்கே என்று கேட்டார். இதில் எதிரே யாரும் வரமாட்டார்கள், வெறும் விளையாட்டு என்றேன். மலைப்பாதை டிரைவரிடம் சொல்லக்கூடாத பேச்சு அது. ஹாரன் அடிக்காமல் வளைவில் திரும்புவது அவர்களுக்குச் செருப்போடு கோயிலுக்குள் நுழைவது மாதிரி. லாரி நின்ற இடத்திலேயே நின்றது. மறுபடி மென்பொருளைத் திறந்து, ஸ்டியரிங் குச்சியையே கீழே அழுத்தினால் ஹாரன் அடிக்கும்படி வைத்தேன்.

அடித்தார். இன்னொரு தடவை அடித்தார். பிறகு திரையைப் பார்த்தபடியே சொன்னார்.

"அன்னைக்கும் நான் அடிச்சேன்த்தா. லாரிக்காரன்தான் அடிக்கல. எல்லாரும் நான் தூங்கிட்டேன்னு சொன்னாக."

என்ன நடந்தது என்று அவரிடம் யாரும் கேட்டதில்லை என்பது அப்போதுதான் எங்களுக்கு உறைத்தது. அடுப்படியிலிருந்து வந்த மதினி, "நீங்க தூங்குற ஆளா?" என்று மட்டும் கேட்டுவிட்டு அவர் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டார். அண்ணன் வளைவைத் திரும்பினார். அதற்கடுத்த வளைவையும் திரும்பினார்.

அடுத்த வாரம் நான் ஊருக்குக் கிளம்பியபோது பஸ் ஸ்டாண்டு வரைக்கும் கூடவே வந்தார். விபத்துக்குப் பிறகு அவர் தெருவைத் தாண்டியது அன்றுதான். பஸ் நகரும்போது ஜன்னல் பக்கம் வந்து கேட்டார்.

"ஏத்தா, கியரே போட வேண்டாத காரு இருக்காமே. அதுக்கு ஒரு கை போதுமா?"