கூழைக்கடா நடை

என் தம்பி லெனார்ட் பாஸ்கோமைப் பற்றி இந்த வாரம் எங்கள் ஊர் மரூனாவில் எல்லோரும் உருகிப் பேசுகிறார்கள். எனக்கு எரிச்சலாக இருக்கிறது.

லென் கரும்பாலையில் ஃபிட்டர். ஆலையின் கிறிஸ்துமஸ் விருந்தில் அவன் அடித்த கூத்தைப் பார்த்து உள்ளூர்த் தொலைக்காட்சி அழைத்தது; ஆலை வேலையை விட்டுப் போனான். பள்ளி விட்டதும் நேரலையில் வரும் குழந்தைகள் நிகழ்ச்சி. கனத்த துணியில் தைத்த கூழைக்கடா உடைக்குள் அவன், பறவையின் பெயர் பிங்கிள். பிறந்தநாள் குழந்தை கயிற்றை இழுத்தால் மேலிருந்து ஒரு வாளி கஸ்டர்டு அவன்மேல் கொட்டும். வாளிக்குக் கீழே வந்து சேருவதற்குள் அவன் தத்தித் தடுமாறி நடக்கும் நடைக்குத்தான் குழந்தைகள் காத்திருந்தார்கள். அந்த நடை அவனாக உண்டாக்கியது.

தொகுப்பாளன் காவின் ட்ரெல்லருக்கு அது பொறுக்கவில்லை. கஸ்டர்டில் ஐஸ்கட்டி போடத் தொடங்கினான்.

“பறவைக்குக் குளிருதாம்டோய்! என்ன மச்சான், ஒரு ஜோக் கூடத் தாங்க மாட்டியா?”

எங்கள் ஊரில் இதற்கு மாட்டேன் என்று சொன்னவன் அன்றோடு மனிதனில்லை. லென் தாங்கினான். ஒருநாள் ஒரு பெரிய கட்டி காதோடு சேர்த்து அடித்தது. இடக்காது கேட்காமல் போயிற்று. அப்போதுதான் நிலைய மேலாளர் மெர்வ் ஹாலட்டிடம் போனான்.

“ஐஸ் மட்டும் வேணாம் மெர்வ். வேற ஒண்ணும் கேக்கல.”

“காவின் மூஞ்சிக்காகத்தான் விளம்பரமே வருது. உடைக்குள்ள எவன் இருந்தா யாருக்குத் தெரியப்போகுது?”

அடுத்த திங்களன்று உள்ளே வேறொருவன் இருந்தான். ஏன் என்று கேட்டு ஒரு வீட்டிலிருந்தும் போன் போகவில்லை.

ஆஸ்பத்திரியில் குழந்தைகள் வார்டுக்கு ஞாயிறுதோறும் போய்க்கொண்டிருந்ததை மட்டும் லென் விடவில்லை. இப்போது பறவை உடை இல்லாமல், தன் சட்டையிலேயே போனான்.

“நீ ஒண்ணும் பிங்கிள் இல்ல, போ!” என்றாள் ஒரு சிறுமி.

கட்டில்களுக்கு நடுவே நடந்து காட்டினான். வார்டே கத்திச் சிரித்தது. அந்தச் சிரிப்பு மெர்வ் காதுக்கும் எட்டியது.

“நடையும் எங்களுதுதான் லென். ஒப்பந்தத்துல கையெழுத்துப் போட்டுக் குடுத்திருக்க. இன்னொரு தடவ நடந்தா கோர்ட்டுதான்.”

லென் கையெழுத்தை மதிக்கிறவன். வார்டுக்குப் போவதை நிறுத்தினான். ஆலைக்குத் திரும்பினான். அதற்குப் பிறகு கடைத்தெருவில்கூட யாரோ அளவெடுத்துக்கொண்டிருப்பதுபோல் விறைப்பாக நடந்தான். சாகும்வரை அப்படித்தான்.

இன்று மாலை காவின் என் வீட்டுக்கு வந்தான், கையில் பூங்கொத்தோடு.

“ஐவி, நாளைக்கு சர்ச்சுல அடக்க ஆராதனைக்குப் பிங்கிள் வந்தா எப்பிடி இருக்கும்? உடை பத்திரமா இருக்கு. பையன் ஒருத்தன் அந்த நடைய அச்சு அசலா நடக்கிறான். சனம் அழுதுரும்.”

“எவனாவது நடந்து வந்தான்னா, அலகப் புடிச்சு வெளிய தள்ளுவேன். நீயும் வராத.”

“ஊரே வருது. நான் வராம எப்படி?”

அவன் போனதும் பாதிரியாருக்குப் போன் செய்தேன். ஊர் வரவேண்டாம், கதவைச் சாத்திக்கொண்டு செய்யலாம் என்றேன். பெட்டியைத் தூக்க ஆலைக்காரர்கள் வருகிறார்கள். அது போதும்.