ஒரு பாட்டில் பிராந்தியும் அறுபத்து மூன்று பேரும்

ராயபுரத்தில் ஒரு டாக்டரிடம் நான் கம்பவுண்டராக இருந்தேன். மதுவிலக்கு பட்டணத்துக்கு வருவதற்குச் சற்று முந்தைய காலம். எங்கள் தெருக்கோடியில் ஒரு ரிட்டையர்டு என்ஜின் டிரைவர் குடியிருந்தார். ஆங்கிலோ இந்தியர், ஆனால் பேச்சு எங்கள் பேச்சுதான். ஒருநாள் காலையில் டிஸ்பென்சரிக்கு வந்தவர், மருந்து பாட்டிலை நீட்டாமல் பெஞ்சில் உட்கார்ந்துகொண்டார்.

"கம்பவுண்டரு, ஒரு பாட்டில் பிராந்திய எத்தினி பேருக்கு ஊத்தலாம்?"

அவருடைய ஒரே மகளுக்கு அடுத்த வாரம் கல்யாணம். யுத்தம் முடிந்தும் சீமைச் சரக்கு லேசில் கிடைக்கவில்லை. அவரிடம் இருந்தது ஒரே ஒரு பாட்டில். சர்ச்சில் பூசை முடிந்து வீட்டுக்கு வருகிறவர்கள் எல்லோரும் அதிலிருந்து ஒரு வாயாவது குடித்துப் பெண்ணையும் மாப்பிள்ளையையும் வாழ்த்த வேண்டும் என்பது அவர் ஆசை.

அதே அளவுள்ள காலி பாட்டில் ஒன்றில் தண்ணீரை நிரப்பி, அவுன்ஸ் கிளாஸில் ஊற்றி ஊற்றி அளந்து காட்டினேன். இருபத்தாறு அவுன்ஸும் கொஞ்சமும் வந்தது. வீட்டாரையும் சேர்த்து நாற்பத்தெட்டுப் பேர். ஆளுக்கு அரை அவுன்ஸ் என்றால் தாராளமாகப் போதும். அரை அவுன்ஸைக் கிளாஸில் பார்த்ததும் அவர் முகம் சுருங்கியது.

"இது இன்னா, கண்ணுக்கு வுடுற மருந்து மாதிரி கீது?"

"சின்னக் கிளாஸா பாருங்க சார். நிறைஞ்ச மாதிரி தெரியும்" என்றேன்.

கிளாஸை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தார். பிறகு குரலைத் தாழ்த்தி, "நாப்பத்தெட்டுல என்னைக் கழிச்சுடு" என்றார்.

காரணம் எனக்குத் தெரியும். ஆறு மாதமாக அவருடைய ஈரலுக்கு மிக்ஸ்சர் மருந்து கலந்து கொடுப்பவன் நான்தான். ஒரு சொட்டுகூடத் தொடக்கூடாது என்று டாக்டர் சொல்லியிருந்தார். வீட்டில் யாருக்கும் தெரியாது. கல்யாணம் முடியட்டும் என்று மறைத்து வைத்திருந்தார்.

"என் கிளாஸுல மட்டும் அதே கலர்ல எதுனா ஊத்து. மிக்ஸ்சருக்குக் கலரு போடுவியே, அது இன்னா?"

"கருக்கின சர்க்கரை சார்."

"அது போதும்."

கல்யாணத்தன்று காலையில் சர்க்கரையைக் கருக்கித் தண்ணீரில் கரைத்து, ஒரு சின்ன சீசாவில் அடைத்துச் சட்டைப்பையில் எடுத்துப் போனேன். போனதும் முதல் சிக்கல். மாப்பிள்ளையோடு பெரம்பூர் ஒர்க்ஷாப்பிலிருந்து கூட வேலை செய்கிறவர்களும் வந்துவிட்டார்கள். தலை எண்ணினால் அறுபத்து மூன்று. அரை அவுன்ஸ் கணக்கு உதவாது. ஓர் அவுன்ஸுக்கு எட்டு டிராம். ஆளுக்கு மூன்று டிராம் என்று மனதுக்குள் மாற்றிப் போட்டேன். சமையல் அறை மேசையில் கிளாஸ்களைப் பரப்பி, மூச்சுகூட விடாமல் அளந்து ஊற்றினேன்; டிரைவரின் கிளாஸில் மட்டும் சர்க்கரைத் தண்ணீர். அத்தனை பேருக்கும் ஊற்றிய பிறகும் பாட்டிலில் மூன்று அவுன்ஸுக்கு மேல் மிஞ்சியது. விடியற்காலை முதல் அடுப்படியில் நின்ற சமையற்காரர் அதைப் பார்த்துவிட்டு என்னைப் பார்த்தார். அவரிடமே கொடுத்துவிட்டேன்.

டிரைவர் எழுந்து நின்று நாலு வார்த்தை பேசினார். எல்லோரும் குடித்தார்கள். அவரும் பாதி குடித்துத் தொண்டையைச் செருமி, கண்ணைக்கூடச் சுருக்கிக் காட்டினார். நான் நிம்மதியாக மூச்சு விட்டபோதுதான் மகள் அவர் கையிலிருந்த கிளாஸை வாங்கினாள். அப்பாவின் டீயில் கடைசி வாய் அவளுக்கு என்பது சின்ன வயதிலிருந்து அந்த வீட்டு வழக்கமாம். எனக்கு அது தெரியாது.

மிச்சத்தை ஒரே மடக்கில் குடித்தாள். கிளாஸுக்குள் பார்த்தாள். பிறகு, சமையல் அறை வாசலில் நின்ற என்னைப் பார்த்தாள். அப்பாவின் கன்னத்தில் முத்தம் கொடுத்துவிட்டு விருந்தினர் பக்கம் போய்விட்டாள்.

மூன்றாம் நாள், மாப்பிள்ளையின் சொந்த ஊரான ஜோலார்பேட்டைக்குக் கிளம்பும் முன் டிஸ்பென்சரிக்கு வந்தாள்.

"டாடிக்கு இன்னா ஒடம்புக்கு?"

நான் மருந்துப் பொட்டலத்தை மடித்துக்கொண்டே இருந்தேன். என் வாயால் சொல்லக்கூடாது. சொல்லாமல் அவளை ரயிலேற்றவும் மனம் வரவில்லை. எழுந்து டாக்டர் அறைக் கதவைத் திறந்துவிட்டேன்.

வெளியே வரும்போது அவள் கண் சிவந்திருந்தது. நேரே வீட்டுக்குப் போய் அம்மாவிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டுத்தான் ரயிலேறினாள்.

டிரைவர் இரண்டு வாரம் என் முகத்தைப் பார்க்கவில்லை. மிக்ஸ்சர் வாங்க மனைவிதான் வந்தார். பிறகு ஒருநாள் அவரே பாட்டிலோடு வந்தார். "வூட்ல கேக்குலகூட ரம் ஊத்துறதில்ல. நல்லா மாட்டி வுட்டே" என்றார். கோபம் இருந்தது, ஆனால் ஆள் கொஞ்சம் தேறியிருந்தார்.

பேரனுக்கு ஞானஸ்நானம் நடந்தபோது பட்டணத்தில் மதுவிலக்கு வந்துவிட்டது. குடிக்கிறவர்கள் வாங்கும் பெர்மிட்டுக்கு அவர் மனுப் போடவில்லை. அன்று விருந்தில் என் பக்கத்தில் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

"இப்பதான் நிம்மதி கம்பவுண்டரு. ஒர்த்தன் கையிலயும் கிளாஸ் இல்ல. ஏன் குடிக்கலன்னு என்னை எவனும் கேக்க மாட்டான்."

சொல்லிவிட்டு என் இலைக்கு இன்னொரு துண்டு வஞ்சிரம் கொண்டுவரச் சொன்னார்.